அடிக்கட்டைக்கு இந்தப் பக்கம்

என் மனைவி கண்ணிவெடி எடுக்கும் வேலைக்குப் போகிறவள். நான் தையல்காரன். இரண்டு பேரும் ஊசியைப் பிடித்துத்தான் பிழைக்கிறோம். என் ஊசி தவறினால் விரலில் ஒரு சொட்டு ரத்தம் வரும். அவளுடைய ஊசி முழ நீளக் கம்பி. அதை மண்ணில் சாய்வாகக் குத்திக் குத்தித்தான் அடியில் என்ன இருக்கிறது என்று பார்ப்பாள். அது தவறினால் என்ன ஆகும் என்பதை ஆறு வருடமாக, காலை ஏழு மணியிலிருந்து பிற்பகல் மூன்று மணிவரை, நினைத்துக்கொண்டே மிஷின் மிதிக்கிறேன். எத்தனை சட்டைக்கு வலக்கையை இடப்பக்கம் வைத்துத் தைத்திருக்கிறேன் என்று மட்டும் கேட்காதீர்கள்.

நான் பயந்தாங்கொள்ளி. இதைச் சொல்ல வெட்கமில்லை. வெட்கப்பட்டு வெட்கப்பட்டே அது நைந்துபோய்விட்டது. தெருவில் யாராவது கதவை ஓங்கிச் சாத்தினால் முதலில் தரையில் படுப்பவன் நான். எழுந்து தூசியைத் தட்டும்போது, ஊசி விழுந்துவிட்டது, தேடினேன் என்பேன். வாடிக்கையாளர்களும் நல்ல மனிதர்கள். "கெடைச்சுதா?" என்று கேட்பார்கள்.

பயம் எனக்குப் பிறவியிலேயே வந்ததல்ல. ஆற்றுக்கு இந்தக் கரையில் இருந்தவர்களுக்கும் மறுகரையில் இருந்தவர்களுக்கும் பதினொரு வருடம் சண்டை நடந்தது. அதன் ஏழாவது வருடத்தில் ஒருநாள் அண்ணனும் நானும் தண்ணீர் எடுக்கப் பம்பு அறைக்குப் போனோம். அவன் முன்னால், நான் பத்தடி பின்னால். குடத்தை மாற்றிப் பிடிக்கக் குனிந்தேன், வெடித்தது. புகை அடங்கியதும் பார்த்தால் அண்ணன் சுவரோரம் கிடந்தான். ஒரு கால் இல்லை. என்னைப் பார்த்து, "தம்பி, வாடா" என்றான். இரண்டு தடவை சொன்னான். எனக்கும் அவனுக்கும் நடுவில் பத்தடி மண். அந்த மண்ணில் ஓரடிகூட என்னால் எடுத்து வைக்க முடியவில்லை. சுவர்மேல் ஏறி ஆட்கள் வந்து தூக்குவதற்குள் முக்கால் மணி நேரம் ஆகிவிட்டது. அவன் அவ்வளவு நேரம் காத்திருக்கவில்லை.

நீ போகாததுதான் சரி, போயிருந்தால் இரண்டு பிணம் என்று எல்லோரும் சொன்னார்கள். என் மனைவிக்குக் கொடுத்த பயிற்சியிலும் அதுதான் முதல் பாடமாம். இருக்கலாம். அண்ணன் அந்தப் பாடத்தைப் படித்துவிட்டா கூப்பிட்டான்?

சண்டை நின்றதும் வெளிநாட்டுக்காரர்கள் வந்தார்கள். பல நாடுகள் சேர்ந்து நடத்தும் சமாதான அலுவலகம் ஒன்றைப் பழைய பள்ளிக்கூடத்தில் திறந்தார்கள். கண்ணிவெடி எடுக்க ஆள் சேர்த்தபோது ஒரே ஒரு நிபந்தனை போட்டார்கள். ஒவ்வொரு குழுவிலும் இரண்டு கரையாரும் சரிபாதி இருக்க வேண்டும். உட்கார்ந்து பேசிச் சேராதவர்கள், ஒரே மண்ணில் முட்டி போட்டால் சேர்ந்துவிடுவார்கள் என்று யாரோ கணக்குப் போட்டிருக்கிறார்கள்.

"பேரு குடுத்துட்டு வந்துட்டேன்" என்றாள் என் மனைவி, பாத்திரம் கழுவிக்கொண்டே.

"எதுக்கு?"

சொன்னாள். என் கையிலிருந்த கத்தரிக்கோல் கீழே விழுந்தது.

"ஒனக்கு வேற வேலையே கெடைக்கலையா?"

"உங்க அண்ணன் விழுந்த எடத்துப் பக்கம் இன்னும் யாரும் போறதில்ல. சுத்துவழில போயித் தண்ணி தூக்கி என் இடுப்பு ஒடியுது. யாராவது எடுக்கணும்ல?"

"யாராவதுன்னா அது நீதானா?"

"அப்ப நீங்க போறீங்களா?"

அதோடு அந்தப் பேச்சு முடிந்தது. மனைவி வாயை அடைக்கத் தெரிந்தவன் எவனும் இந்தத் தெருவில் இல்லை, நான் மட்டும் எப்படி இருப்பேன்?

அவளுக்கு ஜோடியாக வந்து வாய்த்தவன் மறுகரைக்காரன். சண்டைக் காலத்தில் அவன் வேலையே கண்ணிவெடி புதைப்பதுதான். வைத்தவனே எடுக்கிறான், வேலைக்குப் பஞ்சமே இல்லாத பிழைப்பு என்று நான் பல்லைக் கடித்துக்கொள்வேன். ஒருவர் மண்ணில் குனிந்திருக்கும்போது மற்றவர் தள்ளி நின்று கண்கொத்திப் பாம்பாகப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும், அரை மணிக்கு ஒருமுறை மாற வேண்டும். அதாவது, என் மனைவியின் உயிர் நாளில் பாதி நேரம் அந்த ஆளின் கண்ணில் இருந்தது. எனக்கு எப்படி இருக்கும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒருநாள் கால்சட்டையின் நீளத்தைக் குறைக்க அவன் கடைக்கே வந்துவிட்டான். அளவு நாடாவை அவன் இடுப்பைச் சுற்றிப் பிடித்தபோது என் கை நடுங்கியது. அவன் அதைப் பார்த்தும் பார்க்காதவன்போல் சுவரில் இருந்த காலண்டரைப் படித்துக்கொண்டிருந்தான்.

"தங்கச்சி நல்லா வேலை செய்யுது" என்றான்.

"எந்தத் தங்கச்சி?"

"உங்க வீட்டுக்காரிதான் மச்சான்."

எனக்குச் சுருக்கென்றது. அவளை அவன் தங்கச்சி என்றால் எனக்கு அவன் மச்சான் ஆகிவிடுவான். யாரைக் கேட்டு? என் அண்ணனையா? "இங்க மொறை வெச்சுக் கூப்புடுற வேலையெல்லாம் வேணாம். தையக்காரர்னு கூப்பிட்டாப் போதும்" என்றேன். என் ஆயுளில் நான் துணிந்து பேசியது அது ஒன்றுதான். அவன் தலையை மட்டும் ஆட்டினான். ஒரு கால் அரை அங்குலம் குட்டையாகத் தைத்துக் கொடுத்தேன். வேண்டுமென்றே இல்லை, கை நடுக்கம்.

அவர்கள் கடைசியாக வெடி எடுத்த நிலம் செங்கல் சூளைக்காரம்மாவுடையது. அந்த அம்மா சூளையையும் நிலத்தையும் போட்டுவிட்டு ஓடி, பதினைந்து வருடம் கழித்துத் திரும்பி வந்து, நிலத்தின் ஓரத்திலேயே தகரக் கொட்டகை போட்டுக் காத்துக்கிடந்தார். தினமும் காலையில் என் மனைவியை வண்டியில் கொண்டுபோய்ச் சாலையில் இறக்கிவிடுவேன். அதற்கு அப்பால் ஒரு அடி போக மாட்டேன். அங்கேயே நின்று, அவள் நேற்று எதுவரை வந்திருக்கிறாள் என்று பார்ப்பேன்.

பார்க்கச் சுலபம். எடுத்து முடித்த மண்ணுக்கும் எடுக்காத மண்ணுக்கும் நடுவே சிவப்புத் தலைக் குச்சிகளை ஊன்றிக்கொண்டே போவார்கள். குச்சிக்கு இந்தப் பக்கம் பிழைத்தோம், அந்தப் பக்கம் செத்தோம். அந்தப் பக்கத்து நிலம் அடுத்த பருவத்துக்கு. நிலத்தின் நடுவில் கருகிப்போன அடிக்கட்டை ஒன்று இருந்தது. அதன் வேரைக் கிளறி எடுக்க இயந்திரம் வர வேண்டும் என்பதால் அதையும் அடுத்த பருவத்துக்குத் தள்ளிவிட்டு, அவள் குச்சி வரிசையை அந்த இடத்தில் உள்பக்கமாக வளைத்துக் கட்டைக்கு ஒதுங்கிக் கொண்டுபோயிருந்தாள். அந்த வளைவு எனக்கு மனப்பாடம். அவளுடைய குச்சி வரிசை எங்கேயும் நேராக இருக்காது. முட்டி போட்டுக் கைக்கெட்டும் தூரத்தில் ஒவ்வொன்றாக ஊன்றுவதால், கையால் போட்ட ஓட்டுத்தையல் மாதிரி லேசாக ஆடி ஆடிப் போகும். மிஷின் தையலுக்கும் கைத்தையலுக்கும் வித்தியாசம் தெரியாதவன் தையல்காரனா?

அவர்கள் வேலையில் இன்னொரு விதி உண்டு. அவளே சொன்னது. அந்த நிலத்தில் யார் வேண்டுமானாலும், டீ கொண்டுவருகிறவர்கூட, "நில்" என்று கத்தலாம். கத்தினால் எல்லோரும் இருந்த இடத்தில் கல்லாக நிற்க வேண்டும். பிறகு காரணம் பொய்த்துப் போனாலும் கத்தினவரை யாரும் ஏசக் கூடாது.

"அப்ப நான் தெனமும் கத்துவேனே" என்றேன்.

"அதுக்குத்தான் உங்கள ரோட்டுலயே நிறுத்தி வெச்சிருக்கு. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்" என்றாள்.

நிலத்தை உரியவரிடம் ஒப்படைக்கும் நாள் வந்தது. அன்றைக்கு ஒரு சடங்கு மாதிரி செய்வார்கள். வெடி எடுத்தவர்கள் எல்லோரும் கவச உடுப்பையும் முகக் கவசத்தையும் கழற்றி வைத்துவிட்டு, தோளோடு தோள் நின்று, நிலத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நடப்பார்கள். நாங்களே நடக்கிறோம், இனி நீங்களும் நடக்கலாம் என்று அர்த்தம். அவரவர் வெடி எடுத்த தடத்தில் அவரவர் நடக்க வேண்டும். என் மனைவியின் தடம் கடைசித் தடம், சிவப்புக் குச்சி ஓரம்.

சமாதான அலுவலகத்திலிருந்து நான்கு வெளிநாட்டுக்காரர்கள் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார்கள். குடும்பத்தாருக்கும் அழைப்பு. வராவிட்டால் அவள் சும்மா விட மாட்டாள் என்பதால் போனேன். குழுத்தலைவர் எல்லோரையும் வரிசையில் நிறுத்திச் சொன்னார், "தலைய நிமித்தி நடங்க. யாரும் கீழ பாக்காதீங்க. நீங்களே மண்ணப் பாத்துப் பாத்து நடந்தா அந்தம்மா எப்படி நம்பும்?"

நியாயமான பேச்சுதான். பன்னிரண்டு பேரும் நிமிர்ந்து, தூரத்தில் தெரிந்த சூளையின் புகைபோக்கியைப் பார்த்தபடி நடக்க ஆரம்பித்தார்கள். வெளிநாட்டுக்காரர்கள் அவர்கள் முகத்தைப் பார்த்தார்கள். சூளைக்காரம்மா கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டிருந்தார். அந்தக் கூட்டத்தில் மண்ணைப் பார்த்தவன் நான் ஒருவன்தான். பயந்தவனுக்கு வேறு எங்கே பார்க்கத் தெரியும்?

குச்சி வரிசை நேராக இருந்தது.

நூல் பிடித்தாற்போல் நேர். முதலில் எனக்கு அழகாகத்தான் பட்டது. பிறகு கண்ணில் மணல் விழுந்த மாதிரி ஏதோ உறுத்தியது. இது என் மனைவியின் கை இல்லையே. அடிக்கட்டையைத் தேடினேன். கட்டை குச்சிக்கு இந்தப் பக்கம் இருந்தது. கட்டை நகருமா? வளைவைக் காணோம். வளைவு இருந்த இடத்து மண், யாரும் தொடாத மண், இப்போது வரிசைக்கு உள்ளே இருந்தது. என் மனைவி புகைபோக்கியைப் பார்த்துக்கொண்டு அதை நோக்கி நடந்துகொண்டிருந்தாள்.

நான் சந்தேகப்பட்டேன், அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஒருவேளை முதலிலிருந்தே இப்படித்தான் இருந்ததோ? நாலு வெளிநாட்டுக்காரர் முன்னால் கத்தி, ஒன்றுமில்லை என்று ஆகிவிட்டால்? அவளுடைய ஆறு வருட வேலைக்கு அவள் புருஷனே சாணி அடித்த மாதிரி ஆகுமே. அதற்குள் அவள் மூன்று அடி வைத்துவிட்டாள். கத்த வாயைத் திறந்தேன். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. அன்றைக்குப் பம்பு அறைக்கு முன்னால் ஒட்டிக்கொண்ட அதே நாக்கு. உள்ளங்கால் கூசியது. அவளுக்கும் கட்டைக்கும் நடுவில் பத்தடிகூட இல்லை.

"நில்!"

கோழியின் கழுத்தை நெரித்த மாதிரி ஒரு குரல். அது என்னுடையதுதான். நாற்காலியில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். நடந்தவர்கள் பன்னிரண்டு பேரும் கல்லாக நின்றார்கள். என் மனைவி தூக்கிய காலைக் கீழே வைக்காமல் ஒற்றைக் காலில் நின்றாள்.

"என்னங்க?" என்றாள், திரும்பாமலே.

"கட்டை உள்ள இருக்குடி. வளைவு இல்ல."

அப்போதுதான் அவள் கீழே பார்த்தாள். நான் இவ்வளவு தூரத்திலிருந்தே பார்த்தேன், அவள் முதுகு விறைத்தது. தூக்கிய காலை மெதுவாகப் பின்னுக்குக் கொண்டுபோய், தான் முன்பு மிதித்த அதே தடத்தில் வைத்தாள். பிறகு எல்லோரும் அப்படியே அவரவர் கால்தடத்தில் பின்னால் வந்தார்கள். என் கால்சட்டை நனைந்ததா என்று கேட்காதீர்கள். நான் தைத்தது, நானே துவைத்துக்கொண்டேன்.

குச்சியை யார் நகர்த்தினார்கள்? எனக்கு அதில் ஐயமே இல்லை. நேராக மறுகரைக்காரனிடம் போனேன். "நீதானே?" என்றேன். அவன் முகம் வெளுத்துப் போயிருந்தது. அதற்குள் பின்னாலிருந்து சூளைக்காரம்மாவின் குரல் கேட்டது.

"நான்தாம்பா."

ஒப்படைப்புக்கு முந்தின லீவு நாளில் அடித்த காற்றில் குச்சிகள் பாதி சாய்ந்துவிட்டனவாம். விருந்தாளிகள் வருகிற இடம் கோணல்மாணலாக இருந்தால் நன்றாகவா இருக்கும்? அந்த அம்மா காலையில் எழுந்து, செங்கல் வரிசை பிடிக்கிற நூலை இந்த முனைக்கும் அந்த முனைக்கும் இழுத்துக் கட்டி, எல்லாக் குச்சியையும் நேராக ஊன்றிவிட்டார். நாற்பது வருடம் செங்கல் அடுக்கின கை, கோணலைக் கண்டால் சும்மா இருக்குமா? குழுவும் அவசரத்தில் காலையில் வரிசையைச் சரிபார்க்கவில்லை. குழுத்தலைவர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"அந்தக் கட்டைகிட்ட நின்னுதான் நூலச் சுத்துனேன்" என்று சொல்லும்போதுதான் அந்த அம்மாவுக்கே விளங்கியது. தன் கால்களைக் குனிந்து பார்த்தார். இரண்டும் இருந்தன. அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதார்.

தடம் அவளுடையது, ஆகவே தேடுவதும் அவள்தான். அதுவும் விதி. என்ன விதிகளோ! கவசத்தை மாட்டிக்கொண்டு, பழைய வளைவு இருந்த இடத்திலிருந்து முட்டி போட்டுப் போனாள். மறுகரைக்காரன் தள்ளி நின்று பார்க்க வேண்டிய முறை. என்னை இன்னும் தள்ளி உட்கார வைத்தார்கள். நான் நகர்ந்து நகர்ந்து அவன் பக்கத்தில் போய்விட்டேன். யாரும் தடுக்கவில்லை.

அவன் அவள்மேல் வைத்த கண்ணை எடுக்காமலே பேசினான். "கட்டைகிட்ட கண்டிப்பா ஒண்ணு இருக்கும்."

"எப்படித் தெரியும்?"

"நடந்து வர்றவங்க அங்க ஒக்காந்து களைப்பாறுவாங்க. அதனால அந்த மாதிரி எடத்துல வைப்போம்."

அவன் சாதாரணமாகத்தான் சொன்னான். எனக்குள் ஏதோ எரிந்தது. "பம்பு ரூம் செவுத்தோரமும் வைப்பீங்களா?" என்றேன்.

அவனுக்கு விஷயம் தெரியும். என் மனைவி எப்போதோ சொல்லியிருக்கிறாள். சொன்னான், "அது நான் வெச்சது இல்ல. நான் இந்தப் பக்கம் வந்ததே கடைசி வருஷந்தான். ஆனா எங்க ஆளுங்கதான். சொல்லிக் குடுத்தவன் ஒருத்தன்தான், கத்துக்கிட்டது நானும்தான்."

அவனை அடிக்க வேண்டும் போலிருந்தது. அடிக்கவில்லை. அவன் கண்ணை அவள்மேலிருந்து திருப்பக் கூடாதே. வேறு காரணம் எதுவும் இல்லை.

"பயமா இருக்கா?" என்று அவன் கேட்டான்.

"ஆமா."

"எனக்கும். தெனமும்."

அவன் கையைப் பார்த்தேன். அளவெடுத்த அன்று என் கை நடுங்கியது போலவே நடுங்கிக்கொண்டிருந்தது. அன்றைக்கு அவன் காலண்டரைப் படித்தது போல நானும் புகைபோக்கியைப் பார்த்தேன்.

நாற்பது நிமிடம் கழித்து என் மனைவி கையைத் தூக்கினாள். கட்டையின் வேருக்கு ஒரு சாண் முன்னால் இருந்தது. அவள் காலைக் கீழே வைத்திருந்தால் அதற்கடுத்த அடி அதன்மேல்தான். மதியம் அதை அங்கேயே வெடிக்க வைத்தார்கள். நான் தரையில் படுத்தேன். ஊசி தேடுவதாக யாரிடமும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அவள் பாராட்டுவாள் என்று பார்த்தேன். "எல்லார் முன்னாலயும் 'டி' போட்டுக் கூப்புட்டீங்க" என்றாள். பிறகு சமையல்கட்டுக்குள் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்தில் வெகுநேரம் அழுதாள்.

இயந்திரம் வந்து கட்டையை வேரோடு பிடுங்க, வளைவு இருந்த மண்ணையும் சுற்றுப்புறத்தையும் பத்து நாள் சல்லடை போட்டுத் தேடிவிட்டு, மறுபடியும் ஒப்படைக்கும் நாள் வைத்தார்கள். பன்னிரண்டு பேரும் நிமிர்ந்து நடந்து மறுமுனைக்குப் போய்ச் சேர்ந்தார்கள். கட்டை இருந்த இடத்தின் மேலேயே என் மனைவி நடந்தாள். அடுத்து நிலத்துக்காரர் நடக்க வேண்டும். சூளைக்காரம்மா ஓரத்திலேயே நின்றார்.

"நான் மாட்டேன்" என்றார்.

குழுத்தலைவர் கெஞ்சினார். வெளிநாட்டுக்காரர் ஒருவர் காகிதத்தைக் காட்டி விளக்கினார். அந்த அம்மா அசையவில்லை.

"அன்னைக்கும் காகிதம் இருந்துச்சு. நீங்கல்லாம் தைரியசாலிங்க, நடப்பீங்க. தைரியசாலி நடந்தா எனக்கு என்ன தெரியும்?" சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு என்மேல் விரலை நீட்டினார். "அந்தத் தையக்காரத் தம்பி நடக்கட்டும். அவரு நடந்தா நான் நடக்குறேன்."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்குக் கால் இருக்கிறதா என்றே தெரியவில்லை. நான் நடக்காவிட்டால் அந்த அம்மா நடக்க மாட்டார். அவர் நடக்காவிட்டால், என் மனைவி ஒரு பருவம் முழுவதும் முட்டி தேயத் தடவிய மண் சும்மாவே கிடக்கும். மறுமுனையில் அவள் நின்றிருந்தாள். கூப்பிடவில்லை. கூப்பிட்டால் எனக்கு எது ஞாபகம் வரும் என்று அவளுக்குத் தெரியும். அவள் பக்கத்தில் நின்ற மறுகரைக்காரன்தான் குரல் கொடுத்தான்.

"வாங்க தையக்காரரே. தங்கச்சி தடவின மண்ணு."

முதல் அடியை வைத்தேன். மண் மெத்தென்று இருந்தது. எண்ணிக்கொண்டே நடந்தேன். இரண்டு, மூன்று. நிமிரவெல்லாம் இல்லை, குனிந்து மண்ணைப் பார்த்துக்கொண்டேதான். ஏழு, எட்டு. பத்தாவது அடியில் நின்றுவிட்டேன். அண்ணன் கிடந்த தூரம் அவ்வளவுதான். இவ்வளவுதானா என்றிருந்தது. இவ்வளவுதானா, அண்ணா?

எனக்குப் பின்னால் ஒரு செருப்புச் சத்தம் வந்து அதுவும் நின்றது. சூளைக்காரம்மா என் கால்தடத்தில் கால் வைத்து நடந்து வந்துகொண்டிருந்தார். நான் நின்றதால் அவரும் நடு நிலத்தில் நின்று நடுங்கினார்.

"ஏந்தம்பி நின்னுட்ட? ஏதாவது தெரியுதா?"

"ஒண்ணும் இல்லம்மா" என்றேன். பிறகு எதிர்ப்பக்கம் பார்த்து, "வரேன் மச்சான்" என்று சொல்லிவிட்டுப் பதினொன்றாவது அடியை எடுத்து வைத்தேன்.